மிஸ்டர் லாலின் கடைமேசை

செவ்வாய்க்கிழமை காலை ஏழரை மணிக்குப் பல் தீட்டி முகம் கழுவி, துவாயைத் தோளில் போட்டுக்கொண்டு குசினிக்குள் வந்த அருளம்பலத்துக்கு முன்னால், இருபத்துமூன்று வருசமாக அவர் டிவி நாடகத்தில் பின்னால் நின்று பால் விற்ற அதே கடைமேசை நின்றது. இடுப்பளவு உயரம், மண்ணிறப் பலகை, மூலையில் யாரோ சிகரெட்டால் சுட்ட வடு, ஒன்றும் மாறவில்லை. முதுகுக்குப் பின்னால் மூன்று தட்டு அலமாரி, அதில் பிஸ்கட் பெட்டியும் சவர்க்காரப் பெட்டியும். இடப்பக்கம் அடைப்பு. வலப்பக்கம், கடைக்காரர் உள்ளே போய் வெளியே வர எல்லாக் கடைகளிலும் வைத்திருப்பார்களே, பிணைச்சல் போட்ட மடக்குப் பலகை, அது. அதற்குக் கீழே ஒரு சின்னக் கதவு. அருளம்பலம் ஒரு அடி முன்னால் வைத்தார், மேசையும் ஒரு அடி முன்னால் போனது. ஒரு அடி பின்னால் வைத்தார், அதுவும் வந்தது. மடக்குப் பலகைக்குக் கீழே கையைக் கொடுத்துத் தூக்கிப் பார்த்தார். மூச்சுத்தான் வாங்கியது.

அவருடைய மனைவி புஷ்பராணி அடுப்படியிலிருந்து திரும்பிப் பார்த்தாள். லண்டன் ஈஸ்ட் ஹாமில் ஒரு பள்ளிக்கூடக் குசினியில் பத்தொன்பது வருசம் நின்று, தினம் முந்நூறு பிள்ளைகளுக்கு மத்தியானச் சாப்பாடு போட்டு ஓய்வுபெற்றவள். அவளைத் திடுக்கிட வைப்பது லேசுப்பட்ட காரியமில்லை.

"இதை ஆர் இஞ்ச கொண்டுவந்து வைச்சது?"

"ஒருத்தரும் வைக்கேல்லை. தானா வந்திட்டுது."

"வந்ததுதான் வந்தது, கொஞ்சம் தள்ளி வந்திருக்கப்படாதோ? பிரிட்ஜைத் திறக்கேலாமக் கிடக்கு." அவள் ஈரத்துணியால் மேசையை ஒரு துடை துடைத்து, அதன்மேல் தேத்தண்ணியை வைத்தாள். "ஆற முதல் குடியுங்கோ."

அருளம்பலம் தேத்தண்ணியைக் குடித்தார். அவருடைய சட்டைப் பையில் ஒரு கடிதம் இருந்தது. அன்றைக்குத் தபாலில் போடவேண்டிய கடிதம், டிவி நாடகத்திலிருந்து விலகுகிறேன் என்கிற கடிதம். நாலு மாதம் யோசித்து, ஆறு தரம் கிழித்து, ஏழாம் தரம் எழுதியது.

கதையைக் கொஞ்சம் பின்னுக்கு இழுக்கவேண்டியிருக்கிறது, பொறுத்துக்கொள்ளுங்கள். அருளம்பலம் இளந்தாரி வயதில் யாழ்ப்பாணத்தில் ராஜா வேசம் கட்டி, மேடைப் பலகை அதிர நடந்து, முன்வரிசையில் இருந்த சின்னப் பிள்ளைகளை அழவைத்தவர். லண்டனுக்கு வந்து, பகலில் கணக்கியல் படித்து, மிச்ச நேரம் பெட்ரோல் ஸ்டேசன் கடையில் நின்றபோது, பால் வாங்க வந்த ஒரு வெள்ளைக்காரப் பெண் அவர் பாலைத் தூக்கி வைத்த விதத்தையும், "எனிதிங் எல்ஸ், லவ்?" என்று கேட்ட விதத்தையும் பார்த்துவிட்டுச் சிரித்துக்கொண்டு நின்றாள். 'பார்ஸ்லி ரோடு' என்கிற டிவி நாடகத்துக்கு ஆள் தேடுகிறவள் அவள். கடைக்காரர் வேசத்துக்கு முப்பத்திரண்டு நடிகர்களைப் பார்த்துவிட்டாளாம், ஒருத்தனுக்கும் மேசைக்குப் பின்னால் நிற்கத் தெரியவில்லையாம். மேடை அதிர நடந்த மனுசனை நிற்கத் தெரிந்தவர் என்று பிடித்துக்கொண்டு போனார்கள். தலைவிதி என்று நெற்றியில் எழுதினால் அழித்து எழுத முடியுமோ?

அருளம்பலம் என்கிற பெயர் அவர்கள் வாயில் நுழையவில்லை, மிஸ்டர் லால் என்று வைத்தார்கள். "லால் எண்டால் இந்திப் பேரெல்லோ?" என்று ஈஸ்ட் ஹாமில் இரண்டு பேர் முணுமுணுத்தார்கள். "பேரில என்ன கிடக்கு, முகம் எங்கட முகம்" என்று மற்றவர்கள் அடக்கிவிட்டார்கள். முதல் நாள் அவர் வீட்டு முன்னறையில் நாற்பத்தைந்து பேர் குந்தியிருந்து பார்த்தார்கள். பன்னிரண்டு விநாடி வந்தார். "எனிதிங் எல்ஸ், லவ்?" என்றார். கூரை பறக்கக் கை தட்டினார்கள், புஷ்பராணி எல்லோருக்கும் வடை கொடுத்தாள், ஒரு கிழவர் அழுதே விட்டார். லண்டனில் எங்களுக்கென்று இருந்த ஒரே முகம் அது, பிறகு சனம் அழாமல் என்ன செய்யும்?

அந்தப் பன்னிரண்டு விநாடியே இருபத்துமூன்று வருசம் நீண்டது. பார்ஸ்லி ரோட்டில் நாலு கொலை விழுந்தது, இரண்டு தரம் தீப்பிடித்தது, ஒரு லொறி கல்யாண வீட்டுக்குள் புகுந்தது, ஒருத்தி தன் சொந்தத் தங்கையின் புருசனோடு ஓடி, அலுத்துத் திரும்பி, திரும்பவும் ஓடினாள். எல்லாம் மேசைக்கு அந்தப் பக்கம். மிஸ்டர் லால் வெடிச்சத்தம் கேட்டு நிமிர்ந்து பார்ப்பார், அவ்வளவுதான். அவருக்கு வீடு எழுதவில்லை, பெண்சாதி எழுதவில்லை, இடுப்புக்குக் கீழே ஒரு உடம்புகூட எழுதவில்லை. மேலே சட்டையும் டையும், கீழே வீட்டில் உடுக்கிற சாரமும் ரப்பர்ச் செருப்பும் என்று அவர் இருபத்துமூன்று வருசம் நடித்தார், இங்கிலாந்தில் ஒரு குருவிக்கும் தெரியாது. அந்த மடக்குப் பலகை கடகடவென்று ஆடி ஒலிப்பதிவைக் கெடுக்கிறதென்று, டெரி என்கிற தச்சன் முதல் வருசமே கீழிருந்து நாலு ஆணி அடித்துவிட்டான். "அப்ப நான் வெளியே வரவேண்டி வந்தால்?" என்று அருளம்பலம் கேட்டார். டெரி நல்ல மனுசன். காதிலிருந்த பென்சிலை எடுத்துக்கொண்டு வசனப் பிரதியை முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரைக்கும் புரட்டிப் பார்த்துவிட்டு, "நீங்கள் வருவதில்லை" என்றான்.

அறுபத்துநாலு வயதில்தான் அவருக்கு வேறொரு கடிதம் வந்தது. இங்கிலாந்தின் வடக்கே ஒரு சின்ன ஊரில், எண்பது பேர் இருக்கக்கூடிய நாடகக் கொட்டகை. ஒரு இளம்பெண் இயக்குகிறாள். காணாமல் போன மகனைத் தேடி நடக்கிற ஒரு கிழவனின் கதை. முதல் காட்சியில் கிழவன் மேடையின் இந்தக் கரையிலிருந்து அந்தக் கரைக்கு நாலு நிமிசம் நடக்கவேண்டும், வசனம் ஒன்றுமில்லை, நடை மட்டும். செப்டம்பர் முதல் திங்கள் ஒத்திகை, ஒக்டோபரில் இருபத்தொரு நாள் நாடகம். அருளம்பலம் அதை வாசித்துவிட்டுக் குனிந்து தன் கால்களைப் பார்த்தார். ஒரு முழங்கால் ஏற்கெனவே மடக்கினால் சொடக்குப் போடத் தொடங்கியிருந்தது. இதை விட்டால் இனி இல்லை என்று அவருக்குத் தெரிந்தது.

அதற்காகத்தான் விலகல் கடிதம். அது பையில் இருக்கும்போதுதான் மேசை வந்தது.

அன்றைக்கு மனுசன் மேசையோடேயே தபாலுக்குப் புறப்பட்டார். கதவால் எப்படிப் போனது என்று கேட்டால், மேசை ஒருக்களித்துப் போனது, வேறெப்படிப் போகும்? தெருவில் இறங்கி இருபது அடி போவதற்குள், நாயோடு வந்த ஒரு கிழவி மேசைக்கு முன்னால் நின்று அரை லீட்டர் பால் கேட்டாள். அவருடைய கை தானாகப் பின்னால் போய் அலமாரியிலிருந்து எடுத்து வைத்தது, வாய் தானாக "எனிதிங் எல்ஸ், லவ்?" என்றது. கிழவிக்குப் பின்னால் ஒரு வரிசை உருவாகிவிட்டது. தபால்பெட்டி பத்தடி தூரத்தில் சிவப்பாக நின்றது. வரிசை தீரவில்லை.

வரிசையில் ஆறாவதாக வந்தவர் கந்தவனம் மாஸ்டர். ஓய்வுபெற்ற கணித வாத்தியார், அந்தப் பகுதித் தமிழர் ஒன்றியத்தின் நிரந்தரத் தலைவர். வந்ததும் வராததுமாக முழங்கையை மடக்குப் பலகையில் ஊன்றிச் சாய்ந்துகொண்டார். எங்கட ஆட்களுக்கு ஒரு பழக்கம், விளிம்பு ஒன்றைக் கண்டால் முழங்கையை ஊன்றாமல் கதைக்க வராது.

"அருளம்பலம் அண்ணை, சொல்லவேயில்லை! டிவிக்காரன் கடையையே குடுத்து அனுப்பிட்டான் போல."

"மாஸ்டர், நான் இதுக்குள்ள அகப்பட்டுப் போனன். அந்தப் பலகையை ஒருக்காத் தூக்கிவிடுங்கோ."

"எந்தப் பலகை?"

"உங்கட கைக்குக் கீழ இருக்கிறது."

மாஸ்டர் முழங்கையை எடுக்காமலே இரண்டு விரலால் பலகையின் விளிம்பைச் சுண்டிப் பார்த்தார். "ம்ஹும். நல்ல பலமான சாமான் அண்ணை, தேக்கோ? அது கிடக்கட்டும், அரைக் கிலோ சீனி தாங்கோ."

பிறகு நாலு பேர் சேர்ந்து இழுத்தார்கள், கயிறு போட்டார்கள், கராஜ் வைத்திருக்கிற ஒருவர் கார் ஜாக்கைக் கொண்டுவந்து முட்டுக்கொடுத்தார். ஜாக் வளைந்தது. இழுத்தவர்கள் எல்லோரும் களைத்துப்போய் அந்தப் பலகையிலேயே சாய்ந்து நின்று தேத்தண்ணி குடித்தார்கள். உண்மையைச் சொன்னால் அவர்கள் முழு மனதோடு இழுக்கவில்லை. பெரியவர் வெளியே வந்து, டிவியையும் விட்டுவிட்டு எங்கேயோ வடக்கே நடக்கப் போய்விட்டால், செவ்வாயும் வியாழனும் ஏழரை மணிக்கு நாங்கள் யாருடைய முகத்தைப் பார்ப்பது?

மூன்று கிழமைக்குள் ஈஸ்ட் ஹாமுக்கு அந்த மேசை பழகிவிட்டது. கோயில் திருவிழாவில் தேருக்குப் பின்னால் அருளம்பலம் போனார், முன்னால் மேசை போனது, அர்ச்சனைத் தட்டு வைக்க இடமில்லாதவர்கள் அதில் வைத்தார்கள். ஐயர் வந்து அதற்கும் ஒரு பொட்டு வைத்துவிட்டுப் போனார். சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்கூடத்தின் பரிசளிப்புக்கு வெற்றிக் கிண்ணங்கள் அதில் அடுக்கப்பட்டன. ஒரு கல்யாணத்தில் மொய் எழுதினார்கள், ஒரு செத்தவீட்டில் கோப்பி ஊற்றினார்கள். வயிற்றில் பிள்ளை தங்காத ஒரு பெண் மஞ்சள் துணியில் எதையோ முடிந்து மேசைக் காலில் கட்டிவிட்டுப் போனாள். நகரசபையிலிருந்து வந்த ஒரு அதிகாரி சுற்றிச் சுற்றி அளந்து பார்த்துவிட்டு, நடந்து திரிகிற கடைக்குத் தங்களிடம் விண்ணப்பப் படிவம் இல்லையென்று வருத்தம் தெரிவித்து, போகும்போது ஒரு பெட்டி பிஸ்கட் வாங்கினார். டாக்டர், முழங்கால் நோவுக்குச் சாய்ந்து நிற்பது நல்லதுதான் என்றார்.

குளிப்பதற்குப் புஷ்பராணி மேசைக்கு மேலால் வாளியை நீட்டினாள். படுப்பதற்கு அலமாரிக்கும் மேசைக்கும் நடுவில் ஒரு ஒடுக்கமான பாயை விரித்தார். மற்ற விசயங்களையெல்லாம் கேட்காதீர்கள், மனுசன் எதற்கும் ஒரு வழி கண்டுபிடிப்பான். ஆனால் முப்பத்தாறு வருசம் ஒரே கட்டிலில் படுத்தவர்கள், ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவேண்டுமென்றால் எழும்பி நிற்கவேண்டியிருந்தது.

இன்னொன்று சொல்லவேண்டும். அலமாரியிலிருந்த பெட்டிகள் எல்லாம் வெறும் பெட்டிகள். டிவிக்குச் செய்த அட்டைப் பெட்டிகளுக்குள் என்ன இருக்கும்? பால் போத்தலில் வெள்ளைப் பெயின்ட். எடுக்க எடுக்கப் புதிதாக வந்துகொண்டே இருந்தன, ஆனால் எல்லாம் வெறுமை. சனம் வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போய்த் திறந்து பார்த்துவிட்டு, பேசாமல் மூடி அலமாரியில் வைத்தது. ஒருவரும் ஒரு வார்த்தை சொல்லவில்லை, பெரிய மனுசன், முகத்துக்கு நேரே எப்படிச் சொல்வது என்று. மறுநாள் வந்து திரும்பவும் வாங்கினார்கள். அருளம்பலத்துக்கும் இது தெரியும். வெறும் பெட்டியைத் தூக்கிக் கொடுக்கும்போது அதற்குள் பாரம் இருப்பதுபோல் கையைத் தாழ்த்திக் கொடுக்க அவருக்கு இருபத்துமூன்று வருசப் பயிற்சி இருந்தது. அதை நினைத்தால் அவருக்கே தன்மேல் அருவருப்பாக வந்தது.

ஜூலை முடிவில் பார்ஸ்லி ரோட்டின் தயாரிப்பாளர் பெவர்லி, கமெராவும் நாலு ஆட்களுமாக வீட்டுக்கே வந்துவிட்டாள். வந்தவள் மேசையைத் தடவித்தடவிப் பார்த்து, இதைவிடப் பெரிய அதிர்ஷ்டம் உண்டா, இனி ஸ்டூடியோவுக்கே வரவேண்டாம் என்றாள். அருளம்பலம் கடிதத்தை எடுத்து மேசையில் வைத்தார். பெவர்லி அதன்மேல் தேத்தண்ணிக் கோப்பையை வைத்தாள். முழங்கையை மடக்குப் பலகையில் ஊன்றினாள், அந்தப் பழக்கம் எங்களுக்கு மட்டும்தான் என்று நினைத்திருந்தோம், மேசைக்கு முன்னால் எல்லாச் சாதியும் ஒன்றுதான். நாட்டில் எத்தனையோ மாறிவிட்டது மிஸ்டர் லால், என்றாள், நீங்கள் அங்கே நிற்பதைக் கண்டால்தான் சனத்துக்கு நிம்மதியாக நித்திரை வருகிறது, இன்னும் ஐந்து வருசத்துக்கு ஒப்பந்தம் கொண்டுவந்திருக்கிறேன்.

"என் பெயர் லால் இல்லை" என்றார் அருளம்பலம்.

பெவர்லி அன்பாகச் சிரித்தாள். அவள் போனபிறகு பார்த்தால் கடிதத்தில் கோப்பையின் வட்டம் விழுந்து, விலகுகிறேன் என்ற சொல் கரைந்திருந்தது.

ஓகஸ்ட் தேய்ந்தது. ஒவ்வொரு விடியலும் சனம் வருமுன்னர் அவர் பலகைக்குக் கீழே தோளைக் கொடுத்து முட்டுவார். ஒருவரும் சாயாத நேரத்திலும் எல்லோருடைய முழங்கையும் அதில் இருந்தது. மாஸ்டருடையது, பெவர்லியுடையது, பார்ஸ்லி ரோடு பார்க்கிற அத்தனை வீட்டாருடையது. பிறகு அவர் அந்த ஒடுக்கத்துக்குள் இரண்டரை அடி அங்கே, இரண்டரை அடி இங்கே என்று நடந்து பழகுவார். நாலு நிமிச நடையை இரண்டரை அடிக்குள் நடந்தால் அது நடையா? கூட்டில் அடைத்த கோழி உலாத்துகிறமாதிரி என்று அவருக்கே தோன்றியது.

ஒத்திகைக்கு முதல் நாள், ஞாயிறு மத்தியானம், வடக்கே இருந்து அந்தப் பெண் தொலைபேசியில் கூப்பிட்டு நாளைக்கு எத்தனை மணி ரெயில் என்று கேட்டாள். அருளம்பலம் பிறகு சொல்கிறேன் என்றார். போனை வைத்துவிட்டு மேசையில் நெற்றியை முட்டுக்கொடுத்து அழுதார், பிள்ளை அழுகிறமாதிரிச் சத்தம்போட்டு அழுதார்.

"நான் செத்தாலும் என்னை இந்த மேசையோடதான் எரிப்பினம், புஷ்பம். இஞ்ச பாரும், எனக்குக் கால் இருக்கெண்டு இந்த உலகத்தில உம்மைத் தவிர ஒருத்தருக்கும் தெரியாது."

புஷ்பராணி கறியைக் கிண்டிக்கொண்டு நின்றாள். கிண்டுவதை நிறுத்தினாள். கடைத்தெருவில் எத்தனை புருசன் பெண்சாதியை அவள் பார்த்திருப்பாள், ஒருவர் சாப்பிடப் போனால் மற்றவர் வந்து நிற்பார், கடையை வெறுமையாக விட்டுவிட்டுப் போகிற வழக்கம் எங்கேயாவது உண்டோ?

"கடையை விட்டிட்டு வரேலாதெண்டால், மாத்தி ஒராள் நிக்கவேணுமெல்லோ?" என்றாள். "கோதாரி, இதைப் போய் மூண்டு மாசமா ஒருத்தரும் யோசிக்கேல்லை. தள்ளுங்கோ, நான் உள்ள வாறன்."

அகப்பையை இடது கைக்கு மாற்றி, வலது கையால் மடக்குப் பலகையைத் தூக்கினாள். சட்டி மூடி தூக்குகிறமாதிரி அது மேலே வந்தது. உள்ளே வரவேண்டுமென்று வந்தவர்களுக்கு அது எப்போதும் திறந்திருக்கும், ஆனால் அப்படி ஒருவரும் வந்ததில்லை. சின்னக் கதவைத் தள்ளிக்கொண்டு அவள் உள்ளே நுழைந்தாள். இரண்டு பேருக்கு இடம் காணாது, அருளம்பலம் ஒருக்களித்து அவளை உரசிக்கொண்டு வெளியே வந்தார். மூன்று மாதத்துக்குப் பிறகு அப்போதுதான் அவளுடைய தோள் அவர்மேல் பட்டது. அவர் அதைக் கவனிக்கவில்லை, குசினி நிலத்தில் தன் கால் எட்டி வைப்பதைப் பார்த்துக்கொண்டிருந்தார். பலகை தானாக மூடிக்கொண்டது.

"போயிட்டு வாங்கோ" என்றாள் புஷ்பராணி. "நீங்கள் வந்தாப்பிறகு நான் ஒருக்கா சௌத்எண்ட் கடற்கரைக்குப் போகவேணும். ரெயிலில ஒரு மணித்தியாலம்தான். இருபத்துமூண்டு வருசமாக் கேட்டுக்கொண்டிருக்கிறன், ஷூட்டிங் ஷூட்டிங் எண்டு சொல்லிப்போட்டியள்."

"கட்டாயம், கட்டாயம்" என்று சொல்லிக்கொண்டே அவர் சாரத்தை மாற்றிக் காற்சட்டை போட்டார். கறி அடிப்பிடிக்கிற மணம் வந்தது. அவள் எட்டிப் பார்த்தாள், அடுப்பு எட்டவில்லை. அவர்தான் போகிற போக்கில் அணைத்துவிட்டுப் போனார்.

ஈஸ்ட் ஹாம் இந்த மாற்றத்தை இரண்டு நாள் கவனிக்கவேயில்லை. மூன்றாம் நாள் கந்தவனம் மாஸ்டர் முழங்கையை ஊன்றி, கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, "அண்ணை, கொஞ்சம் மெலிஞ்சுபோனியள்" என்றார்.

புஷ்பராணி வெறும் பெட்டி கொடுத்துப் பழகியவள் அல்ல. முதல் பெட்டியைத் திறந்து பார்த்ததும் அவளுக்குப் பத்திக்கொண்டு வந்தது. "சனத்துக்கு இதையோ குடுத்தவர்? சீ!" மாஸ்டரை அனுப்பி மாவும் மிளகாயும் வாங்குவித்து, மேசையிலேயே மின்சார அடுப்பை வைத்து, பிஸ்கட் பெட்டிக்குள் பயத்தம் பணியாரமும் சவர்க்காரப் பெட்டிக்குள் வறுத்த தூளும் நிரப்பினாள். வரிசை பஸ் தரிப்பிடம் வரைக்கும் நீண்டது. பெவர்லி வந்து ருசி பார்த்துவிட்டு, அடுத்த செவ்வாயே 'மிஸஸ் லால்' என்று நாடகத்தில் சேர்த்தாள். எங்கட முகம் திரும்பவும் டிவியில் வந்தது, நாங்கள் திரும்பவும் கை தட்டினோம். அவள் வெளியே வர விரும்புகிறாளா என்று கேட்கவேண்டும் என்பது ஒருவருக்கும் தோன்றவில்லை. கேட்டால் பணியாரம் நின்றுபோகும் அல்லவா?

வடக்கே அருளம்பலம் நடந்தார்.

அந்த நடையை என்னவென்று சொல்வது! மேடையின் ஓரத்தில் இருட்டுக்குள் நின்று, வலக்காலை எடுத்து வெளிச்சத்துக்குள் வைத்தபோது, பலகை டொக் என்று ஒரு சத்தம் போட்டது. நாற்பது வருசத்துக்கு முன்னால் அவர் கேட்ட சத்தம். அடுத்த காலை வைத்தார். முழங்கால் சொடக்குப் போட்டது, அதையும் நடையில் சேர்த்துக்கொண்டார். எண்பது பேரும் அவருடைய காலையே பார்த்தார்கள், நாலு நிமிசம் ஒருவரும் இருமவில்லை. மறுகரையை அடைந்து திரும்பிப் பார்த்தபோது முன்வரிசையில் ஒரு ஆம்பிளை வாயைப் பொத்திக்கொண்டு அழுதான். அருளம்பலத்துக்குச் சந்தோசம் நெஞ்சு கொள்ளவில்லை. செத்தாலும் பரவாயில்லை என்று நினைத்தார், பிறகு இல்லை, நாளைக்கும் நடக்கவேண்டும் என்று நினைத்தார்.

ஒத்திகை நாட்களிலும் நாடகத்தின் முதல் கிழமையும் ஒவ்வொரு பின்னேரமும் புஷ்பராணிக்குப் போன் எடுத்தார். இரண்டாம் கிழமை இரண்டு தரம். மூன்றாம் கிழமை ஒரு தரம், அதுவும் அவள் கதைப்பதற்குள் பின்னால் யாரோ "அக்கா, தூள் இருக்கோ?" என்று கத்த, "சரி சரி, நீர் வேலையைப் பாரும்" என்று வைத்துவிட்டார். கடைசி நாள் அந்த இளம்பெண் ஒரு கடிதம் கொடுத்தாள். இன்னும் ஆறு ஊர், மார்ச் மாதம் வரைக்கும், திங்கட்கிழமைக்குள் பதில் வேண்டும். அவர் அதை அதே சட்டைப் பையில் வைத்துக்கொண்டு ரெயில் ஏறினார்.

வீட்டு வாசலில் வரிசை நின்றது. "அண்ணை வந்திட்டார்" என்று நாலு பேர் கையைப் பிடித்துக் குலுக்கினார்கள், ஆனால் முன்னுக்கு விடவில்லை, வரிசை என்றால் வரிசைதான். அவர் பெட்டியைக் கீழே வைத்து முக்கால் மணித்தியாலம் நின்று தன் சொந்தக் குசினிக்குள் போய்ச் சேர்ந்தார். மேசைக்குப் பின்னால் புஷ்பராணி நின்றாள். மேலே நாடகக்காரர் கொடுத்த பட்டுச் சேலைத் தலைப்பு, கீழே வீட்டு உடுப்பு. அவருக்கு அது தெரியவில்லை. மேசை மறைத்தது.

"புஷ்பம், கேளும்" என்றார் அருளம்பலம். முழங்கையை மடக்குப் பலகையில் ஊன்றிச் சாய்ந்துகொண்டு சொல்லத் தொடங்கினார். முதல் நாள் கால் வைத்த கதை, பலகை போட்ட சத்தம், முன்வரிசை ஆள் அழுத கதை, பத்திரிகையில் எழுதின கதை, மழையில் ஒரு நாள் கூரை ஒழுகி ஈரத்தில் நடந்த கதை, சனம் எழும்பி நின்று கை தட்டிய கதை. அவள் கேட்டுக்கொண்டே பெட்டியில் பணியாரம் அடுக்கினாள். எழுந்து நின்று கை தட்டிய கதையை இன்னொரு தரம் சொன்னார். ஆறு ஊர் கதையையும், மார்ச் மாதத்தையும், கொஞ்சம் குரலைத் தாழ்த்திச் சொல்லிவிட்டார். சொல்லி முடிய, அவள் பெட்டியை மூடி அவர் முன்னால் வைத்தாள்.

"வேறேதும் வேணுமோ?" என்றாள்.

"இல்லை, அவ்வளவுதான்" என்றது அவருடைய வாய்.

"அப்ப கையை எடுங்கோ."

அருளம்பலம் குனிந்து பார்த்தார். பலகையில் முழங்கை படுகிற இடம் பளபளவென்று தேய்ந்து குழிந்திருந்தது, அந்தக் குழியில் அவருடைய முழங்கை அளவெடுத்து வைத்ததுபோல் பொருந்தியிருந்தது. அவருக்கு முகம் எரிந்தது. கையை எடுத்தார். கந்தவனம் மாஸ்டர் பின்னாலிருந்து, "அண்ணை, கொஞ்சம் கெதியா, பஸ் போயிடும்" என்றார்.

அந்தப் பலகை யாருக்குத் திறக்கும் என்பது அவருக்குத் தெரியும். பையிலிருந்த கடிதம் நெஞ்சில் குத்திக்கொண்டிருந்தது. திங்கட்கிழமை, ஆறு ஊர், டொக் என்கிற அந்தச் சத்தம். பலகை பாரமாக இருக்கவேண்டும், பிள்ளையாரே, அது அசையாமல் இருக்கவேண்டும் என்று அவர் மனதுக்குள் வேண்டிக்கொண்டார், வேண்டிக்கொண்டதற்காக வெட்கப்பட்டார். புஷ்பராணி பணியாரமாவு ஒட்டியிருந்த கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு அவரையே பார்த்தாள். அவர் விரலைப் பலகைக்குக் கீழே வைத்தார்.

சட்டி மூடிபோல அது மேலே வந்தது.

புஷ்பராணி குனிந்து செருப்பைத் தேடினாள்.